மினோருவின் முகம்

முகாய் தோகிகோ தோக்கியோவுக்கு வந்தது படம் வரைவதற்கு அல்ல. மாமா மகளின் பிரசவத்துக்கு ஒத்தாசையாக. அகிதாவில் அவள் அப்பா ரயில் பாதையில் பனி அள்ளுகிறவர். மகளை ஒரு குளிர்காலம் வெளியே அனுப்பினால் வீட்டில் ஒரு வாய்ச் சோறு மிச்சம் என்று நினைத்து அனுப்பினார். குழந்தை பிறந்து தலை நின்ற பிறகு, மாமா வீட்டில் யாரும் “ஊருக்குப் போ” என்று வாய் திறந்து சொல்லவில்லை. ஆனால் அவளுக்கு வைக்கிற சோறு வரவரக் குறைந்துகொண்டே வந்தது. அந்தச் சமயத்தில்தான் ஒய்ஸுமி ரயில் நிலையத்துக்குப் பின்னால், முட்டைகோஸ் வயலை ஒட்டிய தகரக் கொட்டகையில், வண்ணம் தீட்டப் பெண்கள் தேவை என்று எழுதிப் போட்டிருந்தார்கள். போய்ச் சேர்ந்துவிட்டாள்.

கார்ட்டூன் படத்தில் ஒரு பையன் கையைத் தூக்கினால், அந்த ஒரு தூக்கலுக்கே ஏகப்பட்ட படம் வேண்டும். ஒவ்வொன்றும் கண்ணாடி மாதிரியான தாளில் கோடாக வரும். தாளைத் திருப்பிப் போட்டுக் கோட்டுக்குள் வண்ணத்தை நிரப்ப வேண்டும். தோகிகோ நிரப்பினாள். நிரப்பிக்கொண்டே மேற்பக்கத்துக் கோடுகளைப் பார்த்தாள். இந்த வாய் இப்படித் திறக்காதே, அழப்போகிற குழந்தைக்குக் கீழுதடுதானே முதலில் கோணும் என்று அவளுக்குத் தோன்றும். ஒருநாள் அதை வாய்விட்டே சொல்லிவிட்டாள். “அப்படியா, நீயே போடு பாப்போம்” என்று பென்சிலைத் தூக்கிக் கொடுத்தார்கள். போட்டாள். மறுநாளே வண்ணப் பிரிவிலிருந்து வரைகிற அறைக்கு மாற்றிவிட்டார்கள்.

அங்கே பக்கத்து மேசைக்காரன் ககுதா ஷோஹெய். நாகஓகா பக்கத்து ஆள். பேச்சு குறைவு. யாரும் வரைய விரும்பாத தண்ணீரை எல்லாம் அவன் தலையில் கட்டிவிடுவார்கள். மழை, ஆறு, குழாயடி, எதுவாக இருந்தாலும். தண்ணீர் வரைந்தால் கை ஒடியும், கூலி அதேதான். அவன் மறுத்ததே இல்லை.

“ஏன்டா எல்லாத்தையும் வாங்கிக்கற?” என்று தோகிகோ ஒருமுறை கேட்டாள்.

“மனுஷங்கள வரையறதுக்கு இது பரவால்ல. தண்ணி, நான் அப்படி இல்லன்னு சண்டைக்கு வராது.”

வருஷங்கள் ஓடின. தோகிகோ பாத்திரங்களுக்கு முகம் படைக்கிறவள் ஆனாள். கதையைச் சொன்னால் போதும். அந்தக் கிழவி எப்படி இருப்பாள், அந்தத் திருடனுக்குப் புருவம் எப்படி இருக்கும் என்று பக்கம் பக்கமாகப் போட்டுக் கொடுப்பாள். மற்றவர்கள் அதைப் பார்த்துப் படம் முழுக்க வரைவார்கள். ககுதா இயக்குநர் ஆனான். அவனுடைய படங்களுக்கு அவள்தான் முகம் போடுவாள் என்பது எழுதப்படாத ஏற்பாடு. இருவரும் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறார்கள் என்று கொட்டகையில் பேசிக்கொண்டார்கள். அவர்கள் இரண்டு பேர் மட்டும் அதைப் பற்றிப் பேசிக்கொள்ளவே இல்லை.

ககுதா தன் சொந்தக் கதையைப் படமாக்க வேண்டும் என்று கேட்டபோது தோகிகோவுக்கு நாற்பதை நெருங்கிய வயது. வெள்ளத்தில் தம்பியைப் பறிகொடுத்த ஒரு சிறுமி, அவனைத் தேடி ஆற்றோடு நடந்து கடல்வரை போகிறாள். அதுதான் கதை. கம்பெனி முதலாளி தன்சவா யோசித்து யோசித்துச் சம்மதித்தார். பழைய தயாரிப்பாளர் வேறு கம்பெனிக்கு ஓடியிருந்த நேரம். முதலாளி தோகிகோவைக் கூப்பிட்டார்.

“முகாய்-சான், இந்த ஒரு படத்துக்குத் தயாரிப்பாளரா நீங்களே இருங்க. முடிஞ்சதும் உங்க மேசைக்குப் போயிடலாம்.”

“எனக்கு வரவு செலவெல்லாம் வராதுங்க.”

“அதுக்கு ஆள் இருக்கு. ககுதாவ மேய்க்கத்தான் ஆள் இல்ல.”

அவள் சிரித்துவிட்டாள். அந்தச் சிரிப்பையே அவர் சம்மதமாக எடுத்துக்கொண்டார்.

முகம் படைக்கிற வேலையையும் அவள் விட்டுக்கொடுக்கவில்லை. சிறுமியின் முகம் சீக்கிரமே வந்துவிட்டது. தம்பி முகம்தான் வரவில்லை. நிலையத்துக்கு எதிரே இருந்த காபிக் கடையில் ககுதாவும் அவளும் உட்காருவார்கள். அவள் வரைவாள், அவன் தலையை ஆட்டுவான். அந்தத் தம்பி கற்பனை அல்ல. ககுதாவின் சொந்தத் தம்பி மினோரு. போர் முடிந்த கொஞ்ச காலத்தில், பள்ளிக்கூடத்தில் சேர்க்கும் முன்பே, ஷினானோ ஆறு அவனைக் கொண்டுபோய்விட்டது. உடல் கிடைக்கவில்லை. அரிசிக்கே வழியில்லாத வீட்டில் புகைப்படம் யார் எடுப்பார்கள்? அவன் முகம் இருந்த ஒரே இடம் ககுதாவின் தலைதான்.

“கன்னம் இன்னும் ஒட்டிப் போயிருக்கும்.”

“இப்படியா?”

“இல்ல. இது நோய்க்காரப் பிள்ள. அவன் நோய்க்காரன் இல்ல, பசிக்காரன்.”

வரைந்தாள், கிழித்தாள், வரைந்தாள். காபிக் கடைக்காரர் மேசையைத் துடைக்க வரும்போதெல்லாம் காலடியில் கிடக்கும் காகிதங்களைப் பார்த்து, “இன்னைக்கும் பொறக்கலையா?” என்பார். ஒரு மழைநாளில் ககுதா ஒரு தாளைக் கையில் எடுத்தான். வைத்தகண் வாங்காமல் பார்த்தான். பிறகு, “இவன்தான்” என்றான். கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது. தோகிகோவும் அழுதாள். இதைவிடப் பெரிதாகத் தன் கை இனி ஒன்றும் செய்யப்போவதில்லை என்று அன்றைக்கு நினைத்தாள்.

வேலை தொடங்கியது. ககுதா காட்சிகளைக் கட்டம் கட்டமாக வரைந்து அனுப்ப அனுப்ப, அதைப் பிரித்து ஓவியர்கள் அசைவு வரைவார்கள். கதை முடியும்வரை யாரும் காத்திருப்பதில்லை. முன்பாதி வண்ணமாகிக்கொண்டிருக்கும், பின்பாதி இயக்குநரின் பென்சிலில் இருக்கும். இந்தத் தொழில் எப்போதும் இப்படித்தான், ஓடுகிற வண்டிக்குத் தண்டவாளம் போடுகிற மாதிரி. கோடை விடுமுறைக்குப் படம் என்று சுவரொட்டி ஒட்டியாகிவிட்டது. அதில் மினோரு ஆற்றங்கரையில் நின்றுகொண்டிருந்தான்.

வசந்தத்தில் ககுதாவின் தாள்கள் நின்றுபோயின.

முதலில் காய்ச்சல் என்றான். பிறகு கை வலி என்றான். பிறகு தொலைபேசியை எடுக்கவே இல்லை. கடைசிப் பகுதி முழுவதும் பாக்கி. ஓவியர்கள் மேசையில் சும்மா உட்கார்ந்து காகிதத்தில் கொக்கு செய்துகொண்டிருந்தார்கள். ஓவியர்களுக்கு மூத்தவரான குமசாகாவுக்கு நாக்கு தேள் கொடுக்கு.

“தயாரிப்பாளரம்மா, நாங்க வீட்டுக்குப் போய்த் தோட்டத்துக்குத் தண்ணி ஊத்தட்டுமா? இங்க ஒரே வறட்சியா இருக்கு.”

“நாளைக்கு வந்துடும் குமசாகா-சான்.”

“நாளைக்குன்னா எந்த நாளைக்கு? நேத்து சொன்ன நாளைக்கா, முந்தாநேத்து சொன்ன நாளைக்கா?”

விநியோகக் கம்பெனியிலிருந்து சவதாரி என்கிற ஆள் தினமும் வந்து உட்கார ஆரம்பித்தான். தம்பி பிழைத்து வர வேண்டும், கடைசிக் காட்சியில் பையன் திரையைப் பார்த்துப் பெரிதாகச் சிரிக்க வேண்டும், அழுதுகொண்டு வெளியே போகிற குழந்தை பொம்மை வாங்காது என்று ஒரே பாட்டாகப் பாடினான். தோகிகோ தலையை ஆட்டினாள். எல்லோரிடமும் தலையை ஆட்டினாள். சோறு இறங்கவில்லை; வயிற்றுவலி மாத்திரையை மிட்டாய் போலச் சப்பிக்கொண்டு திரிந்தாள். படம் நின்றால் கம்பெனியும் நிற்கும், கொட்டகையில் இருக்கிற அத்தனை பேரும் தெருவுக்கு வருவார்கள். தான் வந்த அன்று பச்சை வண்ணக் குப்பியைக் கையில் கொடுத்த அக்காமார்கள் அதில் இன்னும் இருந்தார்கள்.

ஒரு காலையில் காமி-இகுஸாவில் இருந்த ககுதாவின் அறைக்கே போய்க் கதவைத் தட்டினாள்.

“யாரு?”

“நான்தான்.”

“தோகியா, தயாரிப்பாளரா?”

“ரெண்டு பேரும் வந்திருக்கோம். கதவத் திற.”

உள்ளே ஒரு சின்னச் சிரிப்பு கேட்டது. கதவு திறந்தது. அறை குப்பையாகக் கிடக்கும், அவன் தாடியும் மீசையுமாக இருப்பான் என்று நினைத்துப் போயிருந்தாள். முகம் மழித்திருந்தான். மேசை துடைத்து வைத்த மாதிரி இருந்தது. பென்சில்கள் எல்லாம் ஊசி முனையாகச் சீவி வரிசையில் கிடந்தன. வெள்ளைத் தாளில் ஒரு புள்ளிகூட இல்லை.

“முடிவு கிடைக்கலையா? பொழைக்கணுமா சாகணுமான்னுதான குழப்பம்? சொல்லு, சவதாரிய நான் பாத்துக்கறேன்.”

“அதில்ல. மினோரு அப்படி இல்ல.”

“எப்படி இல்ல?”

“நீ வரைஞ்ச மாதிரி இல்ல.”

“நீதானே சொன்ன, இவன்தான்னு? அழுதியே!”

“அழுதேன். முகம் முகமாப் பாத்து எனக்குக் களைப்பாயிடுச்சு, தோகி. நீ வேற அவ்வளவு ஆசையா என் வாயையே பாத்துட்டிருந்த. சரி, இவனாவே இருந்துட்டுப் போகட்டும்னு நினைச்சேன். அப்ப நிஜமாவே அவன் மாதிரிதான் தெரிஞ்சது.” அவன் பென்சில் ஒன்றை எடுத்து மறுபடி அதே இடத்தில் வைத்தான். “போன மாசம் குளிக்கப் போயிருந்தேன். வெந்நீர்த் தொட்டியில உக்காந்திருக்கும்போது சட்டுனு அவன் வந்தான். நிஜ முகம். மேலுதட்டுல ஏதோ ஒண்ணு, ஒரு வளைவோ தழும்போ. என்னன்னு பாக்கறதுக்குள்ள போயிடுச்சு. அதுக்கப்புறம் வரவே இல்ல. கண்ண மூடினா நீ வரைஞ்சவன்தான் நிக்கறான். மினோருன்னு கூப்பிட்டா இவன் திரும்பிப் பாக்கறான்.”

அவன் ஒரு வெள்ளைத் தாளையும் அந்தப் பென்சிலையும் அவள் பக்கம் தள்ளி வைத்தான்.

“முகத்த மாத்திடு. முதல்லேர்ந்து போடுவோம். நான் ஞாபகப்படுத்திச் சொல்றேன். கிடைச்சிடும். உன்னால முடியும்.”

முடியும் என்று அவளுக்கும் தெரியும். உட்கார்ந்தால் வருமோ வராதோ, உட்காரவாவது முடியும். கைவிரல்கள் அந்தப் பென்சில் பக்கம் போகத் துடித்தன. ஆனால் மண்டைக்குள் கொட்டகை இருந்தது. அந்தப் பையனின் முகம் பாதிப் படத்துக்கு மேல் வண்ணமாகி அடுக்கி வைக்கப்பட்டிருந்தது. சுவரொட்டி ஊர் முழுக்க ஒட்டியிருந்தது.

“நேரமில்ல, ககுதா.”

“இத சொல்றது யாரு?”

“ரெண்டு பேரும்தான்.”

அவன் தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டான். பிறகு கோபமே இல்லாமல் சொன்னான்: “அப்ப நீயே முடிச்சுக்கோ. அவன் பொழைச்சானா, செத்தானான்னு நீயே முடிவு பண்ணு. எனக்குத் தெரிஞ்ச பிள்ளை இல்ல அது.”

திரும்பும் வழியில் ரயில் கேட்டில் நின்றாள். கம்பி இறங்கி மணி அடித்தது. வண்டி போனது. கம்பி ஏறியது. கூட்டம் கடந்து போனது. மறுபடி கம்பி இறங்கியது. அவள் நின்ற இடத்திலேயே நின்றாள். கேட்டுக்காரர் தன் கூண்டிலிருந்து எட்டிப் பார்த்து, “அம்மா, நீங்க போறீங்களா, இல்ல யாருக்காவது காத்திருக்கீங்களா?” என்று இரண்டு முறை கேட்ட பிறகுதான் அவளுக்குக் கால் நகர்ந்தது.

அன்றே கடைசிப் பகுதியைத் தானே வரைய உட்கார்ந்தாள். தயாரிப்பாளர் இயக்குநரின் மேசையில் உட்காருவதைக் கொட்டகையில் யாரும் பார்த்ததில்லை. குமசாகா பின்னால் வந்து நின்றார். கிண்டல் செய்வார் என்று எல்லோரும் எதிர்பார்த்தார்கள். அவர் ஒரு சோற்று உருண்டையை அவள் பக்கத்தில் வைத்துவிட்டு, “கடல்பாசி சுத்துன உருண்டை, உள்ள மீன் இருக்கு. தின்னுட்டு வரைங்க” என்று சொல்லிவிட்டுப் போனார்.

தம்பியைப் பிழைக்க வைத்தாள். அதில் அவளுக்கு வேறு வழி இருக்கவில்லை. ஆனால் அவன் வீடு திரும்புகிற கடைசிக் காட்சி முழுவதிலும் அவன் முகத்தைக் காட்டவில்லை. கரையேறி, வரப்பில் நடந்து, வாசலில் நிற்கும் அக்காவிடம் போகிறவரை முதுகுதான். அக்கா முகத்தில்தான் எல்லாம்.

“முதுகு வரையறதுக்கா இவ்வளவு பாடு?” என்றார் குமசாகா. ஆனாலும் அந்த முதுகின் நடையை அவரே எடுத்துக்கொண்டார், வேறு யாரையும் தொடவிடவில்லை.

சவதாரி தாள்களைப் பார்த்துக் குதித்தான். “சிரிப்பு எங்கங்க? பையன் மூஞ்சி எங்க? திரும்பி நிக்கச் சொல்லுங்க அவன!”

“மாத்த நேரமில்லைங்க” என்றாள் தோகிகோ. அது உண்மைதான். உண்மையைச் சொல்லும்போது அவளுக்கு முகம் எரிந்தது. ககுதாவின் வாயை அடைத்த அதே வார்த்தை.

படம் கோடையில் வெளியானது. முன்னோட்டக் காட்சிக்கு ககுதா வரவில்லை. தன் பெயரை எடுத்துவிடச் சொன்னான். ஒப்பந்தம் இடம் கொடுக்கவில்லை. பெயர் அப்படியே ஓடியது. அவன் அந்தப் படத்தைப் பார்த்தானா, அந்த முதுகு தனக்காகத்தான் என்று புரிந்துகொண்டானா என்பது தோகிகோவுக்குக் கடைசிவரை தெரியவில்லை. தியேட்டர்கள் நிறைந்தன. குழந்தைகளின் அம்மாக்கள் வரப்புக் காட்சியில் கைக்குட்டையை எடுத்தார்கள். ஒரு மிட்டாய்க் கம்பெனிக்காரர்கள் மினோருவின் முகத்தைப் பிஸ்கெட் டப்பாவில் போடக் கேட்டார்கள். தன்சவா அனுமதித்தார். தயாரிப்பாளர் என்கிற முறையில் தோகிகோவும் கையெழுத்துப் போட வேண்டியிருந்தது. போட்டாள்.

இலையுதிர் காலத்தில் அலுவலகத்துக்கு ஒரு தொலைபேசி வந்தது.

“ஸ்டேஷன் கடையில பாத்தேன்” என்றான் ககுதா. “டப்பாவுல இருக்கான்.”

“ம்.”

“சிரிக்கறான்.”

“ஆமா.”

“நீ வரைஞ்சதா?”

“இல்ல. அவங்க ஆளு யாரோ. நான் கையெழுத்துதான் போட்டேன்.”

“வரையத் தெரியாத பய. ரெண்டு காதும் ரெண்டு உயரத்துல இருக்கு” என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டான். அதுதான் அவள் கேட்ட அவனுடைய கடைசிக் குரல். அடுத்த வருஷம் அவன் ஊருக்கே போய்விட்டான் என்றும், ஒரு அரிசி அப்பளத் தொழிற்சாலையில் வாசல் காவலுக்கு நிற்கிறான் என்றும் குமசாகா விசாரித்துச் சொன்னார். இரண்டு முறை தோகிகோ நாகஓகாவுக்கு டிக்கெட் வாங்கினாள். இரண்டு முறையும் திருப்பிக் கொடுத்தாள்.

தன் மேசைக்குத் திரும்புவதும் நடக்கவில்லை. ஒரு படம் ஓடிவிட்டால் தயாரிப்பாளரை யார் விடுவார்கள்? அடுத்தது, அதற்கடுத்தது என்று போனது. மற்றவர்கள் வரைந்த முகங்களை அவள் சரி என்றும் வேண்டாம் என்றும் சொன்னாள். திறமையான தயாரிப்பாளர் என்று பெயர் வாங்கினாள். சொன்ன தேதிக்குப் படம் கொடுக்கிறவள், யார் காலில் விழுந்தாவது கொடுத்துவிடுகிறவள் என்று. பேட்டி எடுக்க வருகிறவர்கள் எப்போதும் மினோருவைப் பற்றித்தான் கேட்டார்கள். அந்த முகம் எப்படிக் கிடைத்தது என்று கேட்டால், “ஒருத்தர் சொல்லச் சொல்லப் போட்டேன்” என்பதோடு நிறுத்திக்கொள்வாள்.

தோகிகோவுக்கு ஐம்பத்தைந்து வயதிருக்கும்போது ககுதா இறந்துபோனான். கல்லீரல். இந்தமுறை டிக்கெட்டைத் திருப்பிக் கொடுக்கவில்லை. அவள் போய்ச் சேர்ந்தபோது சடங்கெல்லாம் முடிந்திருந்தது. வீட்டில் அவன் அக்கா ஃபுசாயே மட்டும் இருந்தாள். வயலில் குனிந்து குனிந்து முதுகு நிமிராமல் போன கிழவி. தோகிகோவின் பெயரைக் கேட்டதும் உள்ளே கூட்டிப்போய்க் குடும்பப் பூஜை மாடத்தின் முன்னால் உட்கார வைத்தாள்.

ஊதுவத்தி கொளுத்தக் குனிந்த தோகிகோவின் கை பாதியில் நின்றது. ககுதாவின் புகைப்படத்துக்குப் பக்கத்தில், சின்னச் சட்டத்துக்குள், பிஸ்கெட் டப்பாவிலிருந்து வெட்டிய அட்டை. மினோரு சிரித்துக்கொண்டிருந்தான்.

“அம்மாதான் வெட்டி வெச்சாங்க” என்றாள் கிழவி. “வேற படம் ஏது? சாகற வரைக்கும் இதப் பாத்துதான் பேசிட்டிருந்தாங்க. ஷோஹெய் வந்ததும் தூக்கி எறியப் பாத்தான். அம்மா குறுக்க விழுந்து தடுத்துட்டாங்க. அப்புறம் அவன் இந்த ரூமுக்கு வரதே இல்ல. சாப்பாட்ட வெளியிலேயே வெச்சுடுவேன்.”

“அக்கா, உங்களுக்கு ஞாபகம் இருக்கா? அவன் இப்படித்தான் இருந்தானா?”

கிழவி அந்த அட்டையைப் பார்த்தாள். அவளுக்குப் பொய் சொல்ல வராது போலிருந்தது.

“இல்லம்மா. மூக்கு இப்படி இல்ல. கண்ணும் வேற. இது யாரோ பட்டணத்துப் பிள்ள மாதிரி இருக்கு. ஆனா அம்மாகிட்ட அத எப்படிச் சொல்றது?”

தோகிகோ கைப்பையைத் துழாவினாள். பென்சில் இருந்தது. தாள் இல்லை. கிழவி பழைய நாட்காட்டியைக் கொண்டுவந்து கொடுத்தாள். அதன் பின்பக்கத்தில் தோகிகோ வரையத் தொடங்கினாள். பல வருஷமாக முகம் போடாத கை.

“சொல்லுங்க அக்கா. மேலுதட்டுல ஏதோ இருந்துச்சுன்னு ககுதா சொன்னான்.”

“மேலுதட்டுலயா? ம்... அரிவாள் பட்ட தழும்பு. இல்ல, அது பக்கத்து வீட்டு இவாஓவுக்கு. மினோருவுக்குப் பல்லு... பல்லு கொஞ்சம் தூக்கலா இருக்கும். உதட்ட மூடினாலும் மூடாது.”

“இப்படியா?”

“இல்லம்மா.”

“இது?”

“கிட்டத்தட்ட... இல்ல. இது ஷோஹெய் மாதிரி இருக்கு.”

மத்தியானம் முழுக்க இப்படியே போனது. மாதங்கள் ஒவ்வொன்றாகக் கிழிந்து தரையில் கிடந்தன. கிழவி முதலில் ஆசையோடு குனிந்து பார்த்தாள். பிறகு இடையிடையே கண்ணை மூடிக்கொண்டாள். கடைசியில் ஒரு படத்தைப் பார்த்துவிட்டு அழ ஆரம்பித்தாள். அவன்தான் என்பதால் அழுகிறாளோ என்று தோகிகோ பென்சிலைக் கீழே வைத்தாள்.

“போதும்மா. நீ ஒவ்வொண்ணாக் காட்டக் காட்ட எனக்கு இருந்ததும் போகுது. இப்ப எது அவன்னு எனக்கே தெரியல. விட்டுடு.”

தோகிகோ பாயில் நெற்றி படக் குனிந்தாள். “மன்னிச்சிடுங்க” என்றாள். கிழவி மூக்கைச் சிந்திவிட்டு எழுந்துபோய்ச் சூடாகத் தேநீர் கொண்டுவந்தாள். தொழிற்சாலையில் உடைந்து ஒதுக்கிய அரிசி அப்பளங்களை ஒரு தட்டில் வைத்தாள். இருவரும் கடித்துத் தின்றார்கள்.

அடுத்த வருஷம் கம்பெனி அந்தப் படத்தின் இரண்டாம் பாகத்தை எடுக்க முடிவு செய்தது. தன்சவாவின் மகன்தான் இப்போது முதலாளி. மினோரு பெரியவனாகிக் கடலுக்குப் போவதாகக் கதை தயாராக இருந்தது. வளர்ந்த மினோருவுக்கு முகம் போட வேண்டும்.

“நீங்க போட்டாத்தான் பொருத்தமா இருக்கும், முகாய்-சான்” என்றான் அவன்.

“எனக்கு அவனத் தெரியாதுங்க” என்றாள் தோகிகோ.

அவள் விளையாடுகிறாள் என்று நினைத்துச் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை. அந்த வாரமே வேலையை விட்டாள். படத்தை அவர்கள் நிறுத்தவில்லை. வேறொருவர் முகம் போட்டார், அது நன்றாகவே ஓடியது என்று சொல்கிறார்கள். தோகிகோ இப்போது ஓகிகுபோவில் ஒரு சின்ன வீட்டில் இருக்கிறாள். கூட்டுறவுக் கடைகளின் காய்கறித் துண்டுப் பிரசுரங்களுக்குப் படம் போட்டுக் கொடுக்கிறாள்: முள்ளங்கி, கத்தரிக்காய், பூசணி. அதில் ஒரு மனிதரையாவது போடுங்களேன் என்று கடைக்காரர்கள் கேட்டால், அதற்கு வேறு ஆளைப் பாருங்கள் என்று சொல்லிவிடுகிறாள்.